எல்லாருக்கும் அப்பாவாக நடித்தவர் – எஸ்.வி. ரங்காராவ்



நம்ம சுவர் இதழில் விஞ்ஞானிகள், தலைவர்கள், கவிஞர்கள் பற்றி நிறைய பேர் எழுதிட்டாங்க. நான் ஒரு நடிகரைப் பற்றி எழுதப் போகிறேன். நடிகர் என்றதும் கட்அவுட், பாலாபிஷேகம், ரசிகர் மன்றம் என்று நினைச்சிடாதீங்க. நான் எழுதப் போகிறவர் சினிமாவில் கதாநாயகனுக்கு அப்பாவாக வருவார், கதாநாயகிக்கு அப்பாவாக வருவார், இல்லைன்னா மந்திரவாதியாகவோ அரக்கனாகவோ வருவார். டூயட் பாடுற நடிகர் இல்லை இவர். ஆனா இவர் திரையில் வந்து நின்னா, பக்கத்துல யார் இருந்தாலும் நம்ம கண்ணு இவர் மேலதான் போகும்.

அவர்தான் எஸ்.வி. ரங்காராவ். இந்த மாதிரி நடிப்பவர்களைக் குணச்சித்திர நடிகர் என்று சொல்வார்கள். ஒரு கதைக்கு எந்தக் குணம் வேணுமோ அந்தக் குணமாகவே மாறி நிற்பவர் என்று அர்த்தம்.

பேரைச் சொன்னால் நம்ம வயசுப் பிள்ளைகள் பாதிப் பேருக்குத் தெரியாது. ஆனால் மாயா பஜார் படத்தில் கல்யாண விருந்தை ஒரே ஆளாய் உட்கார்ந்து காலி பண்ணுவாரே, பெரிய மீசை வெச்ச கடோத்கஜன், அவர்னு சொன்னா தெரியும். டி.வி.யில் அந்தக் காட்சி வந்தால் எங்க ஆயா அடுப்பில் குழம்பு கொதிக்கறதைக்கூட மறந்துட்டு வந்து உட்கார்ந்துடும்.

பிறப்பும் படிப்பும்

இவருடைய முழுப் பெயர் சாமர்ல வெங்கட ரங்காராவ். 1918 ஆம் ஆண்டு ஜூலை மாதம் 3 ஆம் தேதி ஆந்திராவில் உள்ள நூஜிவீடு என்ற ஊரில் பிறந்தார். தாய்மொழி தெலுங்கு. சின்ன வயசில் சென்னையிலும் படித்தார். பள்ளிக்கூடத்தில் படிக்கும்போதே நாடகத்தில் நடிக்க ஆசை வந்துவிட்டது. அப்புறம் ஆந்திராவுக்குப் போய்க் கல்லூரியில் சேர்ந்து பி.எஸ்சி. பட்டம் வாங்கினார். காக்கிநாடாவில் நாடகக் குழுவில் சேர்ந்து மேடையில் நடித்தார். பிற்காலத்தில் பெரிய நடிகையான அஞ்சலிதேவியும் அந்தக் குழுவில் இருந்தவர்தான்.

படிச்சு முடிச்சதும் இவர் பார்த்த வேலை என்ன தெரியுமா? தீயணைப்புத் துறையில் அதிகாரி. அந்தக் காலத்தில் பட்டம் வாங்கி அரசாங்க உத்தியோகம் கிடைப்பது லேசான விஷயமா? வீட்டில் எல்லாரும் சந்தோஷப்பட்டிருப்பாங்க. ஆனால் இவர் மனசு மட்டும் நாடகத்திலேயே இருந்தது. வேலையை விட்டுவிட்டார்.

முதல் படம் தோல்வி

1946 இல் வரூதினி என்ற தெலுங்குப் படத்தில் நடித்தார். கேட்டால் ஆச்சரியப்படுவீங்க, அதில் இவர்தான் கதாநாயகன்! ஆனால் படம் ஓடவில்லை. அதற்குப் பிறகு சினிமாவில் யாரும் கூப்பிடவில்லை. கையில் இருந்த அரசாங்க வேலையும் போச்சு, சினிமாவும் போச்சு. நம்மில் ஒருத்தராக இருந்தால் அழுது தீர்த்திருப்போம்.

ரங்காராவ் ரயிலேறி ஜாம்ஷெட்பூருக்குப் போனார். அது வடக்கே, இப்போது ஜார்க்கண்ட் மாநிலத்தில் இருக்கும் இரும்பு ஆலை நகரம். அங்கே டாடா கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்தார். ஆனால் அங்கேயும் நாடகத்தை விடவில்லை. நமக்கு வராதுன்னு யாரோ சொன்னதும் நாம பாட்டை, படத்தை, ஓட்டப்பந்தயத்தை எல்லாம் விட்டுடறோம். அவர் சினிமா கைவிட்ட பிறகும் நடிப்பைக் கைவிடலை.

திரும்பவும் சென்னைக்கு வந்தார். 1949 இல் மன தேசம் என்ற தெலுங்குப் படத்தில் ஒரு சின்ன வேடம். ஒரு தடவை கதாநாயகனாக நடித்தவர் சின்ன வேடத்துக்கு ஒத்துக்கிட்டது பெரிய விஷயம். அதே படத்தில்தான் என்.டி. ராமாராவ் முதன்முதலாக நடித்தார். அவர் பெரிய கதாநாயகனாகி, 1983 இல் ஆந்திராவின் முதலமைச்சராகவும் ஆனார். ஒரே படத்தில் வந்த ரெண்டு பேருக்கும் ரெண்டு பாதை. ஒருத்தர் நாயகன் வழியில் போனார், இன்னொருத்தர் நாயகனுக்குப் பக்கத்தில் நிற்கும் வழியில் போனார்.

மந்திரவாதி வந்தான்

1951 இல் பாதாள பைரவி வெளிவந்தது. தெலுங்கிலும் தமிழிலும் வந்த படம். கே.வி. ரெட்டி இயக்கியது. அதில் ரங்காராவ் நேபாளத்து மந்திரவாதி. நீண்ட தாடி, முறைக்கும் கண், இழுத்து இழுத்துப் பேசும் பேச்சு. ஒரு வீரனைப் பலி கொடுத்தால் தேவி வரம் கொடுப்பாள் என்று ஆள் தேடி வருவான். படம் பெரிய வெற்றி. வரூதினி பட நாயகனை மறந்து போன ஜனங்கள் மந்திரவாதியை மறக்கவே இல்லை.

அதற்குப் பிறகு ஓய்வே கிடையாது. 1952 இல் கல்யாணம் பண்ணிப் பார், 1953 இல் தேவதாஸ், 1955 இல் மிஸ்ஸியம்மா, 1957 இல் மாயா பஜார் என்று வரிசையாக வந்தன. தமிழ், தெலுங்கு ரெண்டு மொழியிலும் மாறி மாறி நடித்தார்.

மாயா பஜாரில் ஒரு வேடிக்கை இருக்கிறது. கதைப்படி கடோத்கஜன் மாயத்தால் வத்சலாவாக உருமாறி கல்யாண வீட்டுக்குப் போவான். வத்சலாவாக நடித்தவர் சாவித்திரி. அப்படின்னா அந்தக் காட்சிகளில் சாவித்திரி வத்சலாவாக நடிக்கக் கூடாது, வத்சலா உடம்புக்குள் இருக்கும் கடோத்கஜனாக நடிக்கணும். அதனால் ரங்காராவ் நெஞ்சை நிமிர்த்துவது, மிதப்பாகப் பார்ப்பது எல்லாத்தையும் சாவித்திரி செய்து காட்டுவார். கதாநாயகியே குணச்சித்திர நடிகரைப் பார்த்து நடிக்க வேண்டி வந்தது. அடுத்த தடவை படம் போட்டால் இதைக் கவனிச்சுப் பாருங்க.

ஒரு கழித்தல் கணக்கு

இப்போ நான் போட்ட ஒரு கணக்கைச் சொல்றேன். ரங்காராவை நான் எப்பவும் வயசானவராகவே நினைச்சிருந்தேன். வெள்ளை முடி, ஜிப்பா, கைத்தடி, சால்வை. அவர் பிறந்த வருஷம் 1918 என்று தெரிந்ததும், ஒவ்வொரு படம் வந்த வருஷத்திலிருந்தும் அதைக் கழிச்சுப் பார்த்தேன்.

தேவதாஸ், 1953. ரங்காராவுக்கு 35 வயசு. தேவதாஸாக நடித்த நாகேஸ்வர ராவுக்கு அப்பா வேடம். நிஜத்தில் ரெண்டு பேருக்கும் ஐந்தாறு வயசுதான் வித்தியாசம். அண்ணன் தம்பி மாதிரி.

மிஸ்ஸியம்மா, 1955. வயசு 37. காணாமல் போன மகளை நினைத்து ஏங்கும் ஜமீன்தார்.

சபாஷ் மீனா, 1958. வயசு 40. சிவாஜி கணேசனின் அப்பாவுக்கு நண்பர். சிவாஜி பிறந்தது 1928, அதனால் பத்தே வயசுதான் வித்தியாசம்.

படிக்காத மேதை, 1960. வயசு 42. ஒரு பெரிய குடும்பத்துக்கே தலைவர்.

எங்க வீட்டுப் பிள்ளை, 1965. வயசு 47. எம்.ஜி.ஆரின் ஜோடியாக வரும் சரோஜாதேவிக்கு அப்பா, அதாவது எம்.ஜி.ஆருக்கு மாமனார் ஆகப் போகிறவர். இதில்தான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. எம்.ஜி.ஆர் பிறந்தது 1917. அப்படியென்றால் மருமகனை விட மாமனார் சின்னவர்!

கணக்கு சரியான்னு ரெண்டு தடவை போட்டுப் பார்த்தேன். சரிதான்.

படிக்காத மேதை வந்தபோது அவருக்கு 42 வயசு என்றேனே, எங்க அப்பாவுக்கும் இப்போ 42 வயசுதான். எங்க அப்பா விடிகாலையில் போட்டில் ஏறிக் கடலுக்குப் போவாங்க, வலையைத் தோளில் போட்டுத் தூக்கி வருவாங்க. அவங்களைப் பார்த்து யாரும் தாத்தான்னு கூப்பிட மாட்டாங்க. அந்த வயசில் ஒருத்தர் வெள்ளை விக் வைத்து, நடை தளர்ந்து, மொத்தத் தமிழ்நாட்டையும் இவர் ஒரு பெரியவர் என்று நம்ப வைத்திருக்கிறார்.

மற்ற நடிகர்கள் வயசைக் குறைச்சுக் காட்டத்தான் ஆசைப்படுவாங்க. இவர் தன் வயசைக் கூட்டிக் காட்டினார். அவர் அப்பாவாக நின்றதால்தான் பக்கத்தில் நின்றவர்கள் இளைஞர்களாகத் தெரிந்தார்கள். இது எனக்கு ரொம்பப் பெரிய மனசு என்று தோன்றுகிறது.

படிக்காத மேதையும் நம்ம பக்கத்து ஊர்ப் பாட்டும்

படிக்காத மேதை கதை தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். ஒரு பணக்கார வீடு. அங்கே ரங்கன் என்று ஒரு படிக்காத பிள்ளை வளர்கிறான். அது சிவாஜி. வீட்டுப் பெரியவர் ரங்காராவ், அவர் மனைவி கண்ணாம்பா. பணம் போனதும் பெற்ற பிள்ளைகள் மாறிப் போகிறார்கள். வளர்த்த பிள்ளை மாறவில்லை. அப்படிப்பட்ட ரங்கனை வீட்டை விட்டு அனுப்ப வேண்டி வருகிறது. அவன் போன பிறகு அந்தப் பெரியவர் அவனை நினைத்து உருகும் பாட்டு ஒன்று இருக்கு. சீர்காழி கோவிந்தராஜன் பாடியது.

அந்தப் பாட்டு பாரதியாருடையது. கண்ணன் பாட்டு நூலில், கண்ணனையே வீட்டு வேலைக்காரனாக நினைத்து எழுதியது. பாரதியார் 1908 முதல் 1918 வரை புதுச்சேரியில் இருந்தபோது எழுதிய நூல் அது. நம்ம பொம்மையார்பாளையத்திலிருந்து பஸ் ஏறினால் கொஞ்ச நேரத்தில் போய்விடுகிற ஊர்! பாரதியார் புதுச்சேரியை விட்டுக் கிளம்பிய அதே 1918 ஆம் வருஷம்தான் ரங்காராவ் பிறந்தார். 42 வருஷம் கழித்து அந்தப் பாட்டுக்கு இவர் முகம் கொடுத்தார். தெலுங்கு பேசும் வீட்டில் பிறந்தவர், நம்ம பாரதியின் தமிழுக்கு வாயசைத்தால் அது அவர் சொந்த வார்த்தை மாதிரியே இருக்கும்.

நம்ம ஊர்ப் பக்கம் இன்னொரு சேதியும் இருக்கு. ஈ.சி.ஆர். ரோட்டில் வடக்கே போனால் மாமல்லபுரம் வருதில்லையா, அந்த மாமல்லன் நரசிம்மவர்மனாகவும் ரங்காராவ் நடித்திருக்கிறார். கல்கி எழுதிய பார்த்திபன் கனவு கதை 1960 இல் படமானபோது அவர்தான் பல்லவச் சக்கரவர்த்தி.

வயசானவராக நடிப்பது எப்படி?

போன வருஷம் ஆண்டு விழா நாடகத்தில் எனக்குக் கிடைச்சது தாத்தா வேஷம். ராணி வேஷத்துக்குத்தான் அத்தனை போட்டி, தாத்தா வேஷத்துக்கு நான் ஒருத்திதான். தலையில் பவுடர், மூக்குக்குக் கீழே பஞ்சு மீசை. நான் குனிஞ்சு நடந்தேன், இருமினேன், குரலை நடுங்க வெச்சேன். எல்லாரும் சிரிச்சாங்க. சிரிக்கணும்னுதான் வெச்ச வேஷம், அதனால பரவாயில்லை.

அப்புறம் ரங்காராவ் படங்களைப் பார்த்தபோதுதான் ஒன்று கவனித்தேன். அவர் தேவையில்லாமல் குனியவே மாட்டார், சும்மா சும்மா இருமவும் மாட்டார். உயரமான ஆள், நிமிர்ந்துதான் நிற்பார். ஆனால் பதில் சொல்வதற்கு முன்னால் ஒரு சின்ன நேரம் பேசாமல் இருப்பார். எதிரில் நிற்பவரைப் பார்ப்பார். அப்புறம் மெதுவாகப் பேசுவார். நம்ம வீட்டுப் பெரியவங்களும் அப்படித்தான் இல்லையா? கோபம் வந்தாலும் உடனே கத்த மாட்டாங்க. அந்தச் சின்ன நேரத்தில்தான் வயசு தெரியும்.

இதில் ஒரு படத்தைக் கட்டாயம் சொல்லணும். 1963 இல் வந்த நானும் ஒரு பெண். ஏவி.எம். எடுத்த படம். கறுப்பாக இருப்பதால் எல்லாராலும் ஒதுக்கப்படும் ஒரு பெண்ணின் கதை. விஜயகுமாரி அந்தப் பெண், ரங்காராவ் அவளுடைய மாமனார் ஜமீன்தார். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது வாங்கியது. நிறத்தைச் சொல்லிக் கிண்டல் பண்ணுகிறவர்கள் நம்ம பள்ளிக்கூடத்திலும் இருக்காங்க. அவங்க அந்தப் படத்தை ஒரு தடவை பார்க்கலாம்.

அதே 1963 இல் கற்பகம் படமும் வந்தது. கே.ஆர். விஜயா கதாநாயகியாக அறிமுகமான படம். அவருக்கும் அப்பா யார் என்று சொல்ல வேண்டியதே இல்லை. அடுத்த வருஷம் கை கொடுத்த தெய்வம் படத்தில் சாவித்திரிக்கு அப்பா. இப்படி எத்தனை பிள்ளைகள்!

வெளிநாட்டில் கிடைத்த விருது

1963 இல் தெலுங்கில் நர்த்தனசாலா என்று ஒரு படம் வந்தது. பாண்டவர்கள் விராட நாட்டில் மறைந்து வாழும் கதை. என்.டி. ராமாராவ் அர்ச்சுனன், சாவித்திரி திரௌபதி. ரங்காராவ் கீசகன், அதாவது கெட்டவன். 1964 இல் இந்தோனேசியாவின் ஜகார்த்தாவில் நடந்த ஆசிய ஆப்பிரிக்கத் திரைப்பட விழாவில் இந்தப் படத்துக்காகச் சிறந்த நடிகர் விருது கொடுத்தார்கள். யாருக்கு? கீசகனுக்கு! நம்ம மொழியே தெரியாத நாட்டில், கதாநாயகனைத் தாண்டி இவரைப் பார்த்து விருது கொடுத்திருக்கிறார்கள். ஜனங்கள் இவரை விஸ்வநட சக்கரவர்த்தி என்று கொண்டாடினார்கள்.

இப்படிப்பட்டவர்கள் மற்ற நாட்டிலும் உண்டு. ஜப்பானில் தகாஷி ஷிமுரா என்று ஒரு குணச்சித்திர நடிகர் இருந்தார். 1905 இல் பிறந்து 1982 இல் இறந்தவர். குரோசாவா என்ற பெரிய இயக்குநரின் பல படங்களில் நடித்தவர். 1952 இல் இகிரு என்ற படத்தில், இன்னும் கொஞ்ச நாளில் சாகப் போகிற வயசான அரசாங்க ஊழியராக நடித்தார். அப்போது அவருக்கு 47 வயசுதான். இரண்டே வருஷம் கழித்து ஏழு சாமுராய் படத்தில் படைத்தலைவனாக வாள் எடுத்தார். கடல் தாண்டி எங்கேயோ இருந்த ரெண்டு பேரும் ஒரே வேலையைத்தான் செய்திருக்கிறார்கள்.

உங்களுக்குத் தெரியுமா?

* ரங்காராவ் இயக்குநரும்கூட. 1967 இல் சதரங்கம், 1968 இல் பாந்தவ்யாலு என்று ரெண்டு தெலுங்குப் படங்களை இயக்கினார். ரெண்டுக்கும் ஆந்திர அரசின் நந்தி விருது கிடைத்தது.

* பாந்தவ்யாலு, அவரே நடித்த கண் கண்ட தெய்வம் (1967) என்ற தமிழ்ப் படத்தின் தெலுங்கு வடிவம். தமிழில் எஸ்.வி. சுப்பையாவும் இவரும் அண்ணன் தம்பியாக நடித்தார்கள்.

* தெலுங்கில் சிறுகதைகளும் எழுதினார்.

* இரணியன், இராவணன், கம்சன், கீசகன், கடோத்கஜன் எல்லாராகவும் நடித்தவர் இவர்.

* இந்திய சினிமாவின் நூற்றாண்டு வந்த 2013 இல் இந்திய அரசு இவருக்குத் தபால்தலை வெளியிட்டது.

கடைசியாக ஒரு கழித்தல்

என் கணக்கில் இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. அதைப் போட எனக்கு மனசே வரவில்லை.

1974 ஆம் ஆண்டு ஜூலை 18 ஆம் தேதி சென்னையில் மாரடைப்பால் ரங்காராவ் இறந்தார். 1974 இல் 1918 போனால் 56. அவ்வளவுதான். அவர் கம்சனாக நடித்த யசோதா கிருஷ்ணா என்ற தெலுங்குப் படம், அவர் போன பிறகு 1975 இல் வெளிவந்தது.

இருபது வருஷத்துக்கு மேலாகப் பெரியவராக நடித்தவர் நிஜத்தில் வயசான காலத்தைப் பார்க்கவே இல்லை. கைத்தடி ஊன்றி நடப்பதை அவருக்குத் திரை கொடுத்தது, வாழ்க்கை கொடுக்கவில்லை. நாம் அவரைப் பார்த்து இவர் எவ்வளவு வயசானவர் என்று நினைக்கிறோமே, அந்த வயசு எல்லாம் அவர் நமக்காக உண்டாக்கியது.

ஒரு வீட்டுக்குக் கதவும் ஜன்னலும் அழகாகத் தெரியும். எல்லாரும் அதைத்தான் பார்ப்பாங்க. ஆனால் உத்தரம் மேலே இருந்து மொத்தக் கூரையையும் தாங்கும். அதை யாரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை. ரங்காராவ், டி.எஸ். பாலையா, நாகையா, எஸ்.வி. சுப்பையா, கண்ணாம்பா இவங்கல்லாம் பழைய படங்களின் உத்தரங்கள்.

தோழிகளே, தோழர்களே! ஞாயிற்றுக்கிழமை வீட்டில் பெரியவங்க பழைய படம் போட்டால், கறுப்பு வெள்ளைப் படம்னு சேனலை மாத்தாதீங்க. கதாநாயகனுக்குப் பக்கத்தில் யார் நிற்கிறார் என்று பாருங்க. அவர் பேர் என்ன என்று ஆயாகிட்ட, தாத்தாகிட்ட கேளுங்க. அவங்களுக்குத் தெரிந்திருக்கும். சொல்லும்போது அவங்க முகத்தையும் பாருங்க.



– ஒன்பதாம் வகுப்பு மாணவி